கிளாரா கலமாயை விட்டுவிட்டீர்களே!

அன்புள்ள ஆசிரியருக்கு,

ஞாயிறு இணைப்பில் வந்த இத்தாலிய சினிமா கட்டுரை நன்று. ஆனால், சாதாரண மக்களின் வாழ்க்கையை உள்ளபடி காட்டும் நியோரியலிச பாணி முழுக்க 1945-இல் இயக்குநர் ரொசெல்லினியின் 'ரோம், திறந்த நகரம்' படத்தில்தான் தொடங்கியதுபோல் எழுதியிருப்பது இடிக்கிறது. போர் நடந்துகொண்டிருந்த 1943-லேயே இயக்குநர் விஸ்கோந்தியின் 'ஒஸ்ஸெஸ்ஸியோனே' படம் வந்துவிட்டது. நாயகி கிளாரா கலமாய். முதலில் நடிகை ஆன்னா மஞ்ஞானிக்குப் பேசிய வேடம் அது. அவர் கர்ப்பமாக இருந்ததால் இவருக்கு வந்தது.

கலமாய் அதுவரை பட்டும் நகையுமாக வந்துபோன கவர்ச்சி நட்சத்திரம். 1942-இல் ஒரு படத்தில் கண நேரம் மார்பு தெரிய நடித்ததுதான் ஊரெல்லாம் பேச்சு. அவரைத்தான் விஸ்கோந்தி கலைந்த தலையோடு அழுக்குத் தட்டுகளுக்கு நடுவே உட்கார வைத்தார். படத்தில் கணவரின் சாலையோர உணவுக்கடையில் வியாபாரம் ஓய்ந்தபின் தனியாக சூப் குடித்து, செய்தித்தாளைப் பிரித்துவைத்து, அப்படியே கண்ணயர்ந்துவிடுவார். முசோலினி ஆட்சி காட்ட விரும்பிய இத்தாலிக்கும் அந்தச் சமையலறைக்கும் எவ்வளவு தூரம்! (படம் தணிக்கையில் பட்ட பாடு தனிக் கதை.)

1946-இல் இத்தாலியத் திரைப்படப் பத்திரிகையாளர்கள் முதன்முதலாக வழங்கிய சிறந்த நடிகை விருதும் வேறொரு படத்துக்காக இவருக்கே கிடைத்தது. மஞ்ஞானிக்கு அந்த ஆண்டு துணை நடிகை விருதுதான். கட்டுரையாளர் அடுத்த முறை இவருக்கும் நாலு வரி ஒதுக்கட்டும்.

- ஒரு வாசகர், திருச்சி