'தி விக்கர் மேன்' திரையிடலுக்குத் தோள்கொடுத்தவர்களுக்கு நன்றி

அன்புடையீர், வணக்கம்.

'தி விக்கர் மேன்' ஒரு பிரிட்டிஷ் திகில் படம்; காணாமல்போன சிறுமியைத் தேடித் தீவு ஒன்றுக்கு வரும் காவலரை, அங்குள்ள ஊரார் தங்கள் சடங்குக்குப் பலி கொடுப்பதுதான் கதை. புதுச்சேரியில் இந்தப் படத்தைத் தமிழ் வசன வரிகளோடு திரையிட்டுவிட்டோம். கைகொடுத்த ஒவ்வொருவருக்கும் மனமார்ந்த நன்றி.

முதல் நன்றி முத்தியால்பேட்டை அண்ணனுக்கு. எளிதில் கிடைக்கும் 87 நிமிடப் பிரதியே போதும் என்று சிலர் சொன்னபோது, "இயக்குநர் ஒப்புக்கொண்ட வடிவத்தைத்தான் போட வேண்டும்" என்று உறுதியாக நின்று, உரிமைக் கட்டணத்தையும் அவரே கட்டினார். அந்தப் பிடிவாதம் எவ்வளவு நியாயமானது என்பது இந்தப் படம் பட்ட பாடு தெரிந்தவர்களுக்குப் புரியும். வசந்த காலக் கதையை 1972 இலையுதிர் காலத்தில் ஸ்காட்லாந்தில் எடுத்தார்கள். மொட்டை மரங்களில் செயற்கைப் பூக்களைக் கட்டினார்கள். பேசும்போது மூச்சு புகையாகத் தெரியாமல் இருக்க நடிகர்கள் பனிக்கட்டியை வாயில் அடக்கிக்கொண்டார்கள். தீவின் தலைவராக நடித்த கிறிஸ்டோபர் லீ சம்பளமே வாங்கவில்லை. இவ்வளவுக்கும் பிறகு, கைமாறிய தயாரிப்பு நிறுவனம் படத்தை வெட்டிச் சுருக்கி, 1973-இல் இன்னொரு படத்துக்குத் துணைப்படமாக வெளியிட்டது. மூல நெகட்டிவும் தொலைந்தது. அமெரிக்காவில் தயாரிப்பாளர் ரோஜர் கோர்மனிடம் போயிருந்த நீளமான பிரதியும், பின்னாளில் ஹார்வர்டு திரைப்பட ஆவணக் காப்பகத்தில் கிடைத்த பிரதியும்தான் வெட்டுப்பட்ட காட்சிகளை மீட்டுக் கொடுத்தன. இயக்குநர் ராபின் ஹார்டி ஒப்புதல் தந்த வடிவம் 2013-இல் வந்தது. நாம் பார்த்தது அதைத்தான்.

லாசுப்பேட்டை ஆசிரியை அக்காவுக்கு எப்படி நன்றி சொல்வது! சிறுவர்கள் கம்பத்தைச் சுற்றி ஆடும் பாட்டில் மரம், கிளை, கூடு, முட்டை என்று ஒன்றிலிருந்து ஒன்று நீளும். அதை அவர் அந்தாதியாகவே கட்டிவிட்டார். ஒரு வரி முடிந்த சொல்லில் அடுத்த வரி தொடங்க, அரங்கில் பாதிப் பேர் வாய்விட்டுப் படித்தார்கள். வசன வரிகளைச் சேர்ந்து படிக்கும் கூட்டத்தை நான் அன்றுதான் கண்டேன்.

மழையிலும் புரொஜெக்டரை நனையாமல் கொண்டுவந்து சேர்த்த தம்பிகளுக்கும், இடம் தந்த பள்ளி நிர்வாகத்துக்கும் நன்றி.

வீராம்பட்டினத்திலிருந்து குடும்பத்தோடு வந்தவர்களுக்குத் தனி நன்றி. படம் முடிந்ததும், உடலில் அலகு குத்தித் தேர் இழுக்கும் செடல் திருவிழாவோடு ஒப்பிட்டு ஒருவர் பேசத் தொடங்க, அந்த ஊர் அம்மா ஒருவர் எழுந்து மறுத்தார்: "நாங்கள் தேர் இழுப்பது ஊர் ஒன்றாக இருக்க. அந்தத் தீவில் ஊரே சேர்ந்து ஒருவனைத் தனியாக்குகிறது." நான் படித்த விமர்சனங்கள் எதிலும் இவ்வளவு தெளிவு இல்லை.

அக்கா எழுதிய வசன வரிகளை, திரையிட விரும்பும் எந்த ஊர் நண்பர்களுக்கும் இலவசமாகத் தருகிறோம்.

அன்புடன்,
திரையிடல் குழு சார்பில்