சந்திரகாந்தக் கல்லில் தண்ணீர் வருமா? வாடிக்கையாளர்களுக்கு ஒரு மடல்

அன்புள்ள வாடிக்கையாளர்களுக்கு, வணக்கம்.

போன மாசிப் பௌர்ணமிக்கு மறுநாள் காலை, ஷட்டரைப் பாதி தூக்குவதற்குள் இரண்டு பேர் கடைக்கு முன்னால் வந்து நின்றார்கள். குலசேகரத்து அக்கா, எங்களிடம் வாங்கிய சந்திரகாந்தக் கல் ராத்திரி நீர் சுரந்தது என்று சொல்லி இன்னும் நான்கு கல் கேட்டார். ஆரல்வாய்மொழி அண்ணாச்சியோ, ஒரு சொட்டுகூட வரவில்லை, இது போலி, பணத்தைக் கொடுங்கள் என்றார். இரண்டும் ஒரே பொட்டலத்தில் இருந்த கற்கள்.

தப்பு எங்கள் பக்கம்தான். டப்பாவின் மேல் ‘சந்திரகாந்தம், நல்ல நீரோட்டம்’ என்று எழுதி வைத்திருந்தோம். கல் வியாபாரத்தில் நீரோட்டம் என்றால் கல்லுக்குள் தெரிகிற பளபளப்பு, ஒளியின் ஓட்டம். வடசேரியில் கோயில் நகை செய்கிறவர்கள் கெம்புக் கல்லை வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்து ‘நீரோட்டம் பத்தாது’ என்று ஒதுக்குவார்கள். அந்தச் சொல்லுக்கு அர்த்தம் கேட்ட வாடிக்கையாளர்களிடம் எங்கள் கடைப் பையன், தன் பாட்டி சொன்ன கதையை எடுத்து விட்டிருக்கிறான்: நிலா பட்டால் இந்தக் கல் உருகித் தண்ணீர் விடும் என்று. பையனைத் திட்டிப் பிரயோஜனம் இல்லை. எழுதியது நான்.

பாட்டி இல்லாததைச் சொல்லவில்லை. நம் பழைய காவியங்களில் சந்திரகாந்தம் அப்படித்தான் வரும். நிலா எழுந்தால் கசியும், மாடத்தில் பதித்தால் சொட்டும். அதற்கு ஜோடியாக வெயிலில் நெருப்பைக் கக்கும் சூரியகாந்தக் கல். இந்த இரண்டாவது கதை பாதி நிஜம். உருண்டையான தெளிந்த பளிங்கை உச்சிவெயிலில் பஞ்சுக்கு மேல் பிடித்தால், வெளிச்சம் ஒரே புள்ளியில் குவிந்து பஞ்சு கருகும். பூதக்கண்ணாடி செய்கிற வேலைதான். அதைக் கண்ணால் பார்த்தவன், நிலாவுக்கும் ஒரு கல் உண்டு என்றால் நம்பத்தானே செய்வான்? இது என் ஊகம். ஆனால் அந்தக் காவியக் கல் எங்களிடம் இல்லை, எந்தக் கடையிலும் இல்லை. அந்தப் பெயரில் நாங்கள் விற்பது மூன்ஸ்டோன், காங்கேயம் பக்கத்துக் கல். பெல்ட்ஸ்பார் என்ற கனிம வகை. அதற்குள் கண்ணுக்குத் தெரியாத மெல்லிய அடுக்குகள் ஒன்றன்மேல் ஒன்றாக இருக்கின்றன. வெளிச்சம் அவற்றில் பட்டுச் சிதறுவதால்தான் நீலமும் வெள்ளையுமாக ஒரு ஒளி, கல்லைத் திருப்பத் திருப்ப நகர்கிறது.

சரி, குலசேகரத்துக் கல்லில் இருந்த தண்ணீர்? அது பனி. ‘தைப் பனி தரையைத் துளைக்கும், மாசிப் பனி மச்சைத் துளைக்கும்’ என்று சும்மாவா சொன்னார்கள்! மேகம் இல்லாத ராத்திரியில் வானத்தைப் பார்த்துக் கிடக்கிற பொருள், தன் சூட்டை மேலே விட்டுவிட்டுச் சுற்றியுள்ள காற்றைவிடக் குளிர்ந்துபோகும். ஈரக்காற்று அதன் மேல் பட்டால் துளியாகப் படியும். அக்கா கல்லைக் கவிழ்த்த பிளாஸ்டிக் கூடையின் மேல் வைத்திருக்கிறார். ரப்பர் தோட்டத்து நடுவில் வீடு, காற்று அசையவில்லை. அண்ணாச்சி வைத்தது பகல் சூடு இறங்காத கான்கிரீட் கைப்பிடிச் சுவரில். அதோடு ஆரல்வாய்மொழிக் கணவாய்க் காற்றைப் பற்றி நான் சொல்ல வேண்டுமா? காற்று ஓடிக்கொண்டிருந்தால் பொருள் அவ்வளவு குளிராது, பனியும் படியாது.

எனக்கும் ஆசை விடவில்லை. அன்றைக்கு ராத்திரி எங்கள் மொட்டைமாடியில் ஒரு மூன்ஸ்டோனும், ஓபலைட் என்ற பால்நிறக் கண்ணாடித் துண்டும், மேசையில் காகிதம் பறக்காமல் வைக்கிற கண்ணாடிக் குண்டும் கூடையைக் கவிழ்த்து அதன் மேல் வைத்தேன். விடிகாலையில் மூன்றும் நனைந்திருந்தன. குண்டில்தான் அதிகம்.

அந்த ஓபலைட்டைத்தான் மூன்ஸ்டோன் என்று பலர் தலையில் கட்டுகிறார்கள், அதனால் கொஞ்சம் கவனம். வெளிச்சத்துக்கு நேரே பிடித்தால் அது ஆரஞ்சு அடிக்கும். லென்ஸில் பார்த்தால் சில சமயம் உள்ளே குட்டிக் குமிழிகள் தெரியும். நல்ல மூன்ஸ்டோனில் ஒளி ஒரு கோணத்தில் வரும், இன்னொரு கோணத்தில் காணாமல் போகும். ஓபலைட் எப்படித் திருப்பினாலும் ஒரே மாதிரி நீலம்.

மோதிரமாகப் போட்டிருப்பவர்கள் சங்குத்துறைக்கோ முட்டத்துக்கோ போனால் கழற்றிப் பையில் வையுங்கள். கீறல் படாமல் தாங்கும் திறனை 1 முதல் 10 வரை சொல்கிற மோஸ் அளவில் மூன்ஸ்டோனின் கடினம் 6 முதல் 6.5 வரைதான். நம் கடற்கரை மணலில் குவார்ட்ஸ் 7, கார்னெட் அதற்கும் கொஞ்சம் மேலே. ஒரு சாயங்காலம் மணலில் அளைந்தால் போதும், கல் மங்கிவிடும். கீழே போட்டால் அடுக்கோடு பிளக்கவும் செய்யும். கழுவ இளஞ்சூட்டுத் தண்ணீரும் சோப்பும் போதும்.

டப்பாவில் பெயரை மாற்றி எழுதிவிட்டோம். ‘மூன்ஸ்டோன், பெல்ட்ஸ்பார் வகை’ என்று மட்டும் இருக்கும். தூக்கம் வரும், மனக்கவலை தீரும் என்றும் சொல்ல மாட்டோம். சந்திரனுக்காக அணிகிறவர்கள் அவரவர் நம்பிக்கைப்படி அணியலாம். தண்ணீர் வரும் என்று நம்பி வாங்கியவர்கள் பங்குனி முடிவதற்குள் கல்லைக் கொண்டுவந்தால் முழுப் பணம் தருகிறோம். பில் தொலைந்திருந்தாலும் வாருங்கள். அண்ணாச்சிக்கு அன்றே கொடுத்தாயிற்று. அக்காவிடமும் விவரத்தைச் சொன்னேன். சிரித்துவிட்டு நான்கு கல்லையும் வாங்கிக்கொண்டுதான் போனார்.

இப்படிக்கு,
கடைக்காரர்,
கோட்டாறு, நாகர்கோவில்