ஆண்டறிக்கை 2024–25: 21-ஆம் வளைவும் சந்தா பாக்கியும்

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களே, வந்திருக்கும் ஒன்பது உறுப்பினர்களே, வராத பதினான்கு பேரே (அறிக்கை அவர்கள் வீட்டுக்கும் போகும்), அனைவருக்கும் வணக்கம்.

ஆளுக்கொரு பாத்திரம் எடுத்துக்கொண்டு, கட்டை உருட்டிக் கதை வளர்க்கும் நம் கதையாட்ட வட்டம் மாதந்தோறும் இரண்டாம் ஞாயிறு கூடியது. ஆடியில் கோட்டை மாரியம்மன் திருவிழா, கூட்டம் இல்லை. ஐப்பசியில் மழை. மாசியில் மாடி அறைச் சாவியைக் காணவில்லை. ஆண்டு விழாவில் தட்டுவடை செட் பத்தவில்லை என்ற புகார் பதிவு செய்யப்பட்டது.

இனி மாறாட்டப்பாறை விவகாரம். வெளியே பலவிதமாகப் பேசிக்கொள்வதால் நடந்ததை நடந்தபடி சொல்லிவிடுகிறேன்.

நம் ஆட்டத்து உலகத்துக்கு ஒரு மலைப்பாதை தேவைப்பட்டது. நேரில் பார்த்து எழுதலாம் என்று போன சித்திரையில் ஏற்காட்டுக்குப் பயணம் அறிவித்தேன். பதினோரு பேர் பெயர் கொடுத்தார்கள். பஸ் ஸ்டாண்டில் நின்றது என்னைச் சேர்த்து மூன்று பேர். அடிவாரத்திலிருந்து மேலே 20 கொண்டை ஊசி வளைவுகள் என்பது ஊரறிந்த கணக்கு. இறங்கும்போது எண்ணினேன், எனக்கு 21 வந்தது. பொருளாளர் 20 என்றார். மூன்றாமவர் பாதி வழியிலேயே ஜன்னலுக்கு வெளியே தலையை நீட்டிவிட்டதால் அவர் கணக்கு செல்லாது. நான் கண்ணயர்ந்து ஒரு வளைவை இரண்டு தடவை எண்ணியிருக்கலாம், ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அன்று இரவே எழுத உட்கார்ந்துவிட்டேன்.

நம் உலகத்து மலையில் ஏறும்போது 20 வளைவு, இறங்கும்போது 21. கூடுதலாக வரும் அந்த வளைவில் நிற்பதுதான் மாறாட்டப்பாறை. கஞ்சமலையில் காந்த இரும்புத் தாது இருக்கிறதே, அந்த மாதிரிக் கல் பக்கத்தில் இருந்தால் திசைகாட்டி முள் தடுமாறும். இந்தப் பாறை முள்ளை விட்டுவிட்டு மனுஷனைத் திருப்பும். சேர்வராயன் கோயில் குகை காவிரி வரை போகிறது என்று பெரியவர்கள் சொல்வதையும் கொஞ்சம் சேர்த்துக்கொண்டேன்: பாறைக்கடியில் ஒரு பொந்து, காதை வைத்தால் ஆற்றுச் சத்தம், அதற்குள் உங்கள் வீட்டார் உங்களைப் பற்றிப் பேசும் சத்தம். பாறையைத் தாண்டி வீடு திரும்பினால் வீடு அதேதான், ஆட்களும் அவர்களேதான், முறை மட்டும் மாறியிருக்கும். அக்கா தங்கச்சியாகியிருப்பாள். மாமன் மருமகனாகி ஆசீர்வாதம் வாங்கக் காலில் விழ வருவார். தாண்டி வந்தவனைத் தவிர யாருக்கும் வித்தியாசம் தெரியாது.

பாறையைத் தாண்டுகிறவர் கட்டை உருட்ட வேண்டும் என்ற விதிகளை ஒருவரைக் குறிவைத்தே நான் எழுதினேன் என்கிறார்கள். கணக்கைப் பாருங்கள். தாயக்கட்டை இரண்டு, ஒவ்வொன்றிலும் வெறும் முகம், ஒன்று, இரண்டு, மூன்று என நாலு முகம், ஆக 16 விதமாக விழலாம். மூன்று விழ 4 வழி, தாயம், அதாவது ஒன்று, விழ 2 வழி, பன்னிரண்டு விழ ஒரே வழி. அதனால் மூன்று விழுந்தால் ஒன்றும் ஆகாது, தாயம் விழுந்தால் முறை மாறும், பன்னிரண்டு விழுந்தால் மட்டும் ஆள் பிறக்கவே இல்லை என்றாகிவிடும். 16-இல் ஒன்றை வைத்து யாரைக் குறிவைப்பது?

ஆவணிக் கூட்டத்தில் நம் மூத்த உறுப்பினர் கட்டையை உள்ளங்கையில் தேய்த்து உருட்டினார். இரண்டிலும் வெறும் முகம் மேலே. பன்னிரண்டு! பழக்கதோஷத்தில் தொடையைத் தட்டிக்கொண்டு எழுந்துவிட்டார். அப்புறம்தான் எல்லோரும் விதித்தாளைப் பார்த்தோம். மூன்று வருடமாக அவர் வளர்த்த சுங்கக்காரர் பாத்திரம் அந்த நிமிடத்திலிருந்து இருந்ததே இல்லை. விதிப்படி பழைய நோட்டுகள் மூன்றிலும் அந்தப் பெயரைச் சிவப்பு மையால் அடித்தேன். அடித்திருக்கக் கூடாது என்று தலைவர் பிற்பாடு சொன்னார். பிற்பாடுதான் சொன்னார் என்பதையும் பதிவு செய்கிறேன்.

புரட்டாசியிலிருந்து அவர் வரவில்லை. சந்தா கேட்டுப் போனேன். திண்ணையில் உட்காரவைத்து மோர் கொடுத்துவிட்டு, "நாந்தான் பொறக்கவே இல்லையே தம்பி, பொறக்காதவனுக்கு ஏது சந்தா?" என்றார். பதில் தோன்றாமல் மோரைக் குடித்துவிட்டு வந்தேன். இதே வாதத்தை இப்போது பாறைப் பக்கமே போகாத ஐந்து பேர் சொல்கிறார்கள். தாயம் போட்ட இன்னொருவர், முறை மாறியதில் தான் இப்போது தன் தம்பி என்றும், பாக்கியை அண்ணனிடம் கேட்டுக்கொள்ளும்படியும் வாட்ஸப்பில் அனுப்பியிருக்கிறார். ஆட்டத்தில் அழிவது பாத்திரம்தான், ரசீதுப் புத்தகம் இல்லை என்று பொதுக்குழு ஒரு தீர்மானம் போட்டால் உதவியாக இருக்கும்.

வரவு செலவைப் பொறுத்தவரை, வந்தது செலவுக்குப் பெரும்பாலும் சரியாக இருந்தது. குறைந்த இடத்தில் பொருளாளர் கைக்காசு போட்டார். எவ்வளவு என்று அவரும் சொல்லவில்லை, நாமும் கேட்கவில்லை. மாடி அறை தந்தவருக்கும், டீ வாங்கி வந்த இளைஞர்களுக்கும், ஜெராக்ஸ் கடைக்காரருக்கும், விடுபட்ட அனைவருக்கும் நன்றி.

அடுத்த ஆண்டு செயலாளராக நிற்கும் எண்ணம் எனக்கு இல்லை. வேறு யாரும் முன்வராவிட்டால் பார்க்கலாம். யார் வந்தாலும் ஒரு சிக்கல் இருக்கிறது. அந்தத் தாயக்கட்டை நம் மூத்த உறுப்பினருடையது. பித்தளை, அவர் அம்மா ஆடியது. இப்போது ஒரு பக்கம் தேய்த்த நாலு புளியங்கொட்டையை வைத்து ஆடுகிறோம். அதுவும் 16 விதமாகத்தான் விழும், ஆனால் தாயத்துக்கு மட்டும் 4 வழி. போன கூட்டத்தில் ஒரே சாயங்காலத்தில் ஏழு பேருக்கு முறை மாறி, யாருக்கு யார் சித்தப்பா என்று நோட்டில் எழுதவே முடியவில்லை.

விதித்தாளின் பின்பக்கம் ஒரு விதி இருக்கிறது, நேரமின்மையால் இதுவரை வாசிக்கப்படவில்லை: இல்லாமல் போனவரை அடிவாரத்தில் நின்று யாராவது பழைய முறை சொல்லி மூன்று தடவை கூப்பிட்டால் அவர் திரும்பி வரலாம். மை புதிதாகத் தெரிகிறது என்கிறார் பொருளாளர், அது இருக்கட்டும். சித்திரைக் கூட்டத்துக்கு முன் மூத்த உறுப்பினர் வீட்டுப் பக்கம் போகிறவர்கள் வாசலில் நின்று "மாமா" என்று கூப்பிட்டுப் பார்க்கலாம். நான் கூப்பிட்டால் சந்தாவுக்கு வந்திருப்பதாக நினைத்துக்கொள்வார்.

இப்படிக்கு,
செயலாளர்
சேலம்