தாரியா நிக்கோலோடிக்கு, விடுபட்ட ஒரு பெயர் குறித்து

அன்புள்ள தாரியா நிக்கோலோடி அவர்களுக்கு,

இத்தாலிய நடிகையும் திரைக்கதை ஆசிரியருமான நீங்கள் 2020 நவம்பர் 26 அன்று ரோம் நகரில் மறைந்தீர்கள். அந்த நாள் மீண்டும் வந்திருக்கிறது. உங்களைப் பற்றிய குறிப்புகள் பெரும்பாலும் இன்னாரின் துணைவி, இன்னாரின் தாய் என்றே தொடங்குகின்றன என்பதால், இந்தக் கடிதத்தை உங்கள் வேலையைப் பற்றி மட்டுமே எழுதுவதென்று முடிவு செய்தேன்.

தாரியோ அர்ஜென்தோ இயக்கிய 'புரொஃபோந்தோ ரோஸ்ஸோ' படத்தில் பெண்கள் மென்மையானவர்கள் என்று உடன் நடித்த டேவிட் ஹெம்மிங்ஸ் வாதிடும்போது, நீங்கள் மேசையில் முழங்கையை ஊன்றிக் கைமல்யுத்தத்துக்கு அழைக்கிறீர்கள். அவர் தோற்கிறார், நீங்கள் ஏமாற்றிவிட்டதாகச் சொல்லி மறுபடி மோதுகிறார், மறுபடியும் தோற்கிறார். வென்றவுடன் உங்கள் முகத்தில் மலரும் சிறுபிள்ளைத்தனமான பூரிப்புக்காகவே கொலைகள் நிறைந்த அந்தப் படத்தை நான் மீண்டும் பார்ப்பதுண்டு. வெளிநாடுகளுக்கென்று ஏறத்தாழ 22 நிமிடங்களை வெட்டியபோது, உங்கள் இருவரின் சீண்டலும் சிரிப்பும்தான் அதிகம் பறிபோயின. கொலைகாரனைத் தேட அவை தேவையில்லை என்று நினைத்திருப்பார்கள். அந்த மனிதர்கள் உயிரோடிருப்பது எதற்காக என்று சொன்னவை அவைதாம்.

அர்ஜென்தோ இயக்கிய 'சஸ்பீரியா'வின் திரைக்கதையில் உங்கள் பெயர் இருக்கிறது. பாட்டி சொன்ன கதையிலிருந்து அது பிறந்ததாக நீங்கள் கூறியது உண்மையா என்று இன்றும் வாதிடுகிறார்கள். எனக்கு அந்த வாதத்தில் அக்கறையில்லை. நீங்கள் நடிக்க விரும்பிய நாயகி வேடம் ஜெசிக்கா ஹார்ப்பருக்குப் போனது. ஆனால், 1980இல் வந்த 'இன்ஃபெர்னோ'வின் கதையிலும் உங்கள் கை இருந்ததென்று சொன்ன நீங்கள், அங்கே பெயர் கேட்டு ஏன் போராடவில்லை? முந்தைய படத்தின் பெயருக்காகப் பட்ட பாட்டை மறுபடியும் படவேண்டாம் என்று விட்டுவிட்டீர்களாம். இறந்தவரிடம் கோபித்துக்கொள்வது முறையல்ல, பொறுத்தருளுங்கள். ஆனால் நீங்கள் பெருந்தன்மையோடு விட்ட இடத்தில் இப்போது அர்ஜென்தோ என்ற ஒரே ஓர் ஆணின் பெயர் நிற்கிறது, அதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு உங்கள் மீதுதான் முதலில் ஆத்திரம் வருகிறது.

இதைப் படிப்பவர்களில், உங்கள் துணைவராக இருந்த தாரியோ அர்ஜென்தோவைக் கொண்டாடுபவர்கள் பலர். நானும் அவருடைய படங்களை நேசிக்கிறேன். உங்கள் வீட்டுக்குள் நடந்தவற்றை எடைபோட எனக்கு உரிமையில்லை, ஆகவே அதைத் தொடவில்லை.

இயக்குநர் மாரியோ பாவா திரையரங்குக்காக எடுத்த கடைசிப் படமான 'ஷாக்'கை நீங்கள் ஏறக்குறைய தனியாகவே தாங்கினீர்கள். அப்படிப்பட்டவர் அர்ஜென்தோவைப் பிரிந்த பிறகும் 1987இல் அவருடைய 'ஓபரா'வுக்குத் திரும்பி வந்து, கதவுத் துளைவழியே பாயும் தோட்டாவில் செத்துப்போகச் சம்மதித்தீர்கள். அந்தச் சாவைப் போற்றுபவர்களில் எத்தனை பேர் உங்கள் எழுத்தைப் பற்றிப் பேசுகிறார்கள்? 'இன்ஃபெர்னோ'வைப் பற்றி இனி நான் எழுதும் ஒவ்வொரு வரியிலும், கதையில் தமக்கும் பங்குண்டு என்று தாரியா நிக்கோலோடி சொன்னதைச் சேர்த்தே எழுதுவேன். நீங்கள் வேண்டாமென்று விட்டிருந்தாலும் எழுதுவேன்.

அன்புடனும் தீராத மனத்தாங்கலுடனும்,
உங்கள் ரசிகை