தேரிக்குக் கீழே கிடக்கும் பாறை

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். எங்கள் தூத்துக்குடி மாவட்டத்துச் செம்மணல் மேடுகளான தேரிக்காடு பற்றி உங்கள் இதழில் வந்த கட்டுரையை எங்கள் பள்ளி ஆசிரியர் அறையில் எல்லோரும் படித்தோம். குதிரைமொழித் தேரியின் செம்மணலை அருமையாக எழுதியிருந்தீர்கள். ஆனால் அந்த மணலுக்குக் கீழேயும் கரையோரமும் கிடக்கிற மணற்பாறையைப் பற்றி ஒரு வரிகூட இல்லையே என்பதுதான் என் வருத்தம்.

சாத்தான்குளம் பக்கத்துப் பன்னம்பாறையின் பெயரைத்தான் புவியியலாளர்கள் இங்குள்ள ஒரு மணற்பாறை அடுக்குக்கு வைத்திருக்கிறார்கள். மயோசீன், பிளியோசீன் காலத்துப் பாறை. 25 லட்சம் ஆண்டுகளுக்கும் முந்தியது. அதற்கு அடியில் இருப்பது அதைவிட மிகப் பழைய, வெப்பத்தாலும் அழுத்தத்தாலும் உருமாறிய பாறை. திருச்செந்தூரிலும் மணப்பாட்டிலும் கடலோரம் நாம் பார்க்கிற சுண்ணாம்பு மணற்பாறை வயதில் இளையது. தேரி மணல் எல்லாவற்றுக்கும் கடைக்குட்டி. 1883-ல் புவியியலாளர் ராபர்ட் புரூஸ் ஃபுட் மதுரை, திருநெல்வேலி மாவட்டங்களின் புவியியலை எழுதி வெளியிட்டார். இத்தனை ஆண்டுகள் கழித்தும் நம் பிள்ளைகளுக்கு இது தெரியவில்லை.

மணப்பாட்டுக் குன்றின் சரிவில் கிட்டத்தில் போய்ப் பாருங்கள். மெல்லிய மணல் வரிகள் ஒன்றின்மேல் ஒன்று சாய்வாகப் படிந்திருக்கும். நடுநடுவே சிப்பித் துணுக்குகள். மழைநீர் சிப்பியின் சுண்ணாம்பைக் கரைத்து, மணிகளுக்கு இடையில் மறுபடி படியவைத்துத்தான் மணல் கல்லாக இறுகியது. தானாக உதிர்ந்து கிடக்கும் துண்டு ஒன்றில் எலுமிச்சைச் சாறு விட்டால் பொடிப்பொடியாக நுரைக்கும். என் வகுப்பில் பிள்ளைகள் முண்டியடித்துப் பார்க்கிற பாடம் இது ஒன்றுதான்.

இறுக்கிய சுண்ணாம்பே இதன் பலவீனமும். திருச்செந்தூரின் பழைய கோயில் இந்த மணற்கல்லில் எழுந்ததுதான். உப்புக்காற்றில் அரித்துப் போனதால் கருங்கல்லில் எடுத்துக் கட்டி, 1941-ல் குடமுழுக்கு நடந்தது. கடலும் காற்றும் அரிப்பதே போதாதென்று, சுற்றிப் பார்க்க வருகிறவர்கள் சாவியால் பெயரைக் கீறிவிட்டுப் போகிறார்கள். பார்க்கும்போதெல்லாம் வயிறு எரிகிறது.

திருவக்கரை, சாத்தனூர் கல்மரங்களையும் பரங்கிமலைப் பாறையையும் தேசியப் புவியியல் சின்னங்களாக அறிவித்துக் காக்கிறார்கள். அந்த வரிசையில் நெல்லைச் சீமையின் மணற்பாறையும் சேர வேண்டும். அதற்கு நாளாகும் என்றால், முதல் வேலையாகத் திருச்செந்தூர் வள்ளி குகை வாசலிலும் மணப்பாட்டுக் குன்றிலும் எல்லோருக்கும் புரிகிற தமிழில் ஒரு பலகையாவது வைக்கட்டும். வள்ளி குகைக்குள் குனிந்து போகிற பக்தர்களில் எத்தனை பேருக்குத் தாங்கள் தொடுகிற சுவர் கடல்மணல் என்று தெரியும்?

உங்கள் நிருபரை ஒருமுறை சாத்தான்குளத்துக்கு அனுப்புங்கள். பன்னம்பாறைக்கு நாங்களே கூட்டிப்போய்க் காட்டுகிறோம். வெயில் ஏறுமுன் வந்தால் நல்லது.

இப்படிக்கு,
ஒரு பள்ளி ஆசிரியை,
சாத்தான்குளம்