நரகத்துக்குப் போகத் துணிந்த பையன்

அன்புள்ள மாப்ளே,

உன் கடிதம் வந்து கொஞ்ச நாளாகிறது. கண்ணில் புரை எடுத்துவிட்டுச் சொட்டு மருந்தோடு உட்கார்ந்திருந்ததால் உடனே பதில் எழுத முடியவில்லை. இப்போது பார்வை நன்றாகத் தெளிந்துவிட்டது. வீட்டில் எத்தனை இடத்தில் ஒட்டடை தொங்குகிறது என்பதும் தெரிகிறது, வேலைதான் கூடிப்போயிற்று. உன் தங்கச்சி நலம். மூத்தவனுக்குக் கோயம்புத்தூருக்கு மாற்றல் வந்துவிட்டது. உன் முழங்கால் எப்படி இருக்கிறது? மாடிப்படி ஏறுவதை விட்டாயா இல்லையா?

சரி, பேத்தி விஷயத்துக்கு வருகிறேன். அவள் பள்ளியில் மார்க் ட்வைனின் ஹக்கிள்பெரி ஃபின் நாவலைப் பாடமாக வைத்திருக்கிறார்கள், பெற்றோர் சிலர் கூடாது என்கிறார்கள், வகுப்பே இரண்டாகிக் கிடக்கிறது என்று எழுதியிருந்தாய். “ஊர்சுற்றிப் பையன் ஒருத்தனுக்காக அமெரிக்காக்காரன் இன்னுமா சண்டை போடுகிறான்?” என்றும் கேட்டிருந்தாய். போடுகிறான் மாப்ளே. அந்தப் புத்தகம் பிறந்த நாளிலிருந்தே போடுகிறான்.

1884 டிசம்பரில் இங்கிலாந்தில் வந்தது, அடுத்த பிப்ரவரியில் அமெரிக்காவில். மார்ச் மாதமே மாசசூசெட்ஸில் கான்கார்டு ஊர் நூலகம் அதைத் தள்ளி வைத்துவிட்டது. காரணம் இன்றைய காரணம் இல்லை. பையன் பொய் சொல்கிறான், திருடுகிறான், புகை பிடிக்கிறான், பேச்சில் இலக்கணம் இல்லை, நல்ல வீட்டுப் பிள்ளைகள் படிக்கக்கூடாது என்றார்கள். மார்க் ட்வைனுக்கு ஒரே குஷி. இதனாலேயே இன்னும் 25,000 பிரதி விற்கும் என்று தன் பதிப்பகத்துக்கு எழுதினார். கறுப்பின மக்களை இழிவுபடுத்தும் அந்த வசைச்சொல் பக்கத்துக்குப் பக்கம் வருவது அன்றைக்குக் கான்கார்டு கனவான்கள் கண்ணில் படவே இல்லை. நூறு வருஷம் கழித்து, 1982-ல், வர்ஜீனியாவின் ஃபேர்ஃபாக்ஸ் மாவட்டத்துப் பள்ளி ஒன்றின் கறுப்பின நிர்வாகி அந்தச் சொல்லுக்காகவே புத்தகத்தை எடுக்கச் சொன்னார். அந்தப் பள்ளியின் பெயரே மார்க் ட்வைன் பள்ளி!

ஹக் வெறும் கற்பனை இல்லை. மிசௌரி மாநிலத்தில், மிசிசிப்பி ஆற்றங்கரையில் இருக்கிற ஹானிபலில்தான் ட்வைன் வளர்ந்தார். அங்கே டாம் பிளாங்கென்ஷிப் என்று ஒரு பையன். குளிக்கமாட்டான், வயிறாரச் சாப்பாடு கிடையாது, கேட்பார் யாருமில்லை, ஆனால் தங்கமான மனசு. அவன் அப்பா கொஞ்ச காலம் ‘ஊர்க் குடிகாரர்’ பதவி வகித்தவர் என்று ட்வைன் தன் வரலாற்றில் கிண்டலாக எழுதுகிறார். எனக்கு அந்த டாமைவிட அவன் அண்ணன் பென்ஸ் மேல்தான் ஈடுபாடு. தப்பி வந்த அடிமை ஒருவர் ஆற்றின் இல்லினாய் பக்கத் தீவில் ஒளிந்திருப்பதைப் பார்த்துவிட்டு, காட்டிக்கொடுத்தால் பரிசு என்று அறிவித்திருந்தும், வாரக்கணக்கில் அவருக்கு ரகசியமாகச் சோறு கொண்டுபோய்க் கொடுத்தவன் அவன். கையில் காசே பார்க்காத குடும்பம் அது. இந்த அண்ணன் தம்பி இரண்டு பேரையும் சேர்த்துப் பிசைந்ததுதான் ஹக் என்பது என் எண்ணம்.

நாம் சின்ன வயதில் படித்த சுருக்கப் பதிப்பில் தெப்பமும் தீவும் திருடர்களும்தான் இருந்தார்கள். முழுசாகப் படித்தால் கதையின் உயிர் பதினாறாவது அத்தியாயத்தில் இருக்கிறது. ஹக்கும், தப்பியோடி வந்த அடிமை ஜிம்மும் தெப்பத்தில் போகிறார்கள். இல்லினாயில் இருக்கிற கெய்ரோ ஊர் நெருங்குகிறது, அங்கிருந்து ஒஹையோ ஆற்றைப் பிடித்தால் அடிமை முறை இல்லாத மாநிலங்களுக்குப் போய்விடலாம். ஜிம் சந்தோஷத்தில் பேசுகிறான்: சம்பாதித்து மனைவியை விலைக்கு வாங்கி மீட்பேன், பிறகு இரண்டு பேருமாக உழைத்துப் பிள்ளைகளை வாங்குவோம், எஜமான் விற்க மறுத்தால் ஆள் வைத்துத் திருடிக்கொண்டு வருவேன். ஹக்குக்குத் தூக்கிவாரிப் போடுகிறது. எனக்கு ஒரு கெடுதலும் செய்யாத யாரோ ஒரு மனுஷனின் சொத்தையல்லவா இவன் திருடப்போகிறேன் என்கிறான்! பிள்ளைகள் ஜிம்முடையவை என்று அவனுக்குத் தோன்றவே இல்லை. மனசாட்சி குத்த, காட்டிக்கொடுக்கவே படகை எடுக்கிறான். ஓடிப்போன அடிமைகளைத் துப்பாக்கியோடு தேடும் இரண்டு பேர் எதிரே வந்து, தெப்பத்தில் இருப்பவன் வெள்ளையனா கறுப்பனா என்று கேட்கிறார்கள். வாய் வரைக்கும் வந்த உண்மை வெளியே வரவில்லை. வெள்ளையன் என்று சொல்லி, அப்பாவுக்குப் பெரியம்மை என்று நினைக்கும்படி பேச்சை நகர்த்துகிறான். அவர்கள் பயந்து, ஆளுக்கொரு இருபது டாலர் தங்கக் காசைப் பலகையில் வைத்து மிதக்கவிட்டு ஓடிவிடுகிறார்கள்.

இதுவரைக்கும் எந்த எழுத்தாளரும் எழுதியிருப்பார். அடுத்து வருவதுதான் ட்வைன். ஹக்குக்குத் தான் நல்லது செய்தோம் என்ற நினைப்பே வரவில்லை. சின்னதிலிருந்து ஒழுங்காக வளராதவன் என்னால் நல்லது செய்ய முடியாது என்று நொந்துகொள்கிறான். அப்புறம் யோசிக்கிறான்: காட்டிக்கொடுத்திருந்தாலும் மனசு இதே பாடுதானே பட்டிருக்கும்? அப்படியென்றால் கஷ்டப்பட்டு நல்லது செய்யப் பழகி என்ன லாபம்?

முப்பத்தொன்றாவது அத்தியாயத்தில் இது முற்றுகிறது. ஏமாற்றுக்காரன் ஒருவன் ஜிம்மை நாற்பது டாலருக்கு விற்றுவிடுகிறான். (தேடி வந்தவர்கள் விட்டுப்போனதும் நாற்பது டாலர்தான். இது தற்செயல் என்று நான் நம்பமாட்டேன்.) ஹக் ஜிம்மின் எஜமானிக்கு, ஆள் இருக்கிற இடத்தைச் சொல்லிக் கடிதம் எழுதுகிறான். எழுதி முடித்ததும் பாவமெல்லாம் கழுவிப்போனது போல லேசாகிவிடுகிறது. உடனே பிரார்த்தனை செய்யவில்லை, யோசித்துக்கொண்டே இருக்கிறான். இவன் தூங்கட்டும் என்று இவனுடைய காவல் முறையையும் ஜிம் தானே பார்த்துக்கொண்டது நினைவுக்கு வருகிறது. கடிதத்தைப் பார்க்கிறான். “சரி, அப்படியென்றால் நான் நரகத்துக்கே போகிறேன்” என்று கிழித்துப் போடுகிறான். பதின்மூன்று, பதினான்கு வயசுப் பையன். நரகம் உண்டு என்று முழுசாக நம்புகிறவன். நம்பாதவன் சொன்னால் அது வெறும் வீரவசனம்.

கடைசிவரை அடிமை முறை தப்பு என்று அவன் சொல்வதே இல்லை. பின்னால் ஜிம்மை விடுவிக்க அவன் நண்பன் டாம் சாயர் உதவுகிறேன் என்றதும், நல்ல குடும்பத்துப் பையன் இப்படிக் கெட்டுப்போனானே என்று டாம் மேல் இருந்த மதிப்புக் குறைந்துவிடுகிறது! இத்தனை காலம் அவனைப் பற்றிப் பேச வைத்திருப்பது இந்த முரண்தான் என்று நினைக்கிறேன். கதைகளில் வரும் நல்ல பிள்ளைகளுக்கு எது சரி என்று தெரியும், தைரியம்தான் வேண்டும். ஹக்குக்கு எது சரி என்றே தெரியாது. சட்டமும் ஊரும் பள்ளியும் கோயிலும் ஒன்றுகூடி அவனுடைய மனசாட்சியைத் தயாரித்துக் கொடுத்திருக்கின்றன. நல்ல இதயமும் கோணிப்போன மனசாட்சியும் மோதி மனசாட்சி தோற்கிற கதை என்று ட்வைனே 1895-ல் குறிப்பு எழுதி வைத்தார். அவர் படித்த காலத்தில் அடிமை முறையில் தப்பு இருப்பதாக அவருக்கும் தெரியாதாம். கடவுளுக்குச் சம்மதம் என்றுதான் உள்ளூர்ப் போதகர்கள் சொல்லிக்கொடுத்தார்களாம்.

நம் நாட்டோடு இதற்கு ஒரு தொடர்பு உண்டு, உனக்குப் பிடிக்கும். 1896-ல் ட்வைன் இந்தியா வந்தார். பம்பாய் ஹோட்டலில் அறையைச் சரிசெய்ய வந்த ஜெர்மானியர் ஒருவர், வேலைக்காரர் செய்தது சரியில்லை என்று, என்ன குறை என்று கூடச் சொல்லாமல் தாடையில் ஓர் அறை விட்டார். அவர் வாய் திறக்காமல் வாங்கிக்கொண்டார். இப்படி ஒன்றைப் பார்த்து ஐம்பது வருஷமாயிற்று என்கிறார் ட்வைன். அந்த நொடியில் ஹானிபல் வந்துவிடுகிறது. பத்து வயதில், ஏதோ வேலையைச் சரியாகச் செய்யவில்லை என்று ஓர் அடிமை மேல் ஒருவன் இரும்புத்தாதுக் கட்டியை எறிந்ததையும், ஒரு மணி நேரத்தில் அவர் செத்துப்போனதையும் எழுதுகிறார். ஊரில் யாருக்கும் அது பிடிக்கவில்லை, யாரும் பெரிதாக ஒன்றும் சொல்லவும் இல்லை. ஹக் எந்த மண்ணில் முளைத்தான் என்பதற்கு இதைவிட என்ன வேண்டும்? (அதே பயணத்தில் மெட்ராஸில் ஒரு நாள் கப்பல் நின்றது. நம்மூருக்கு அரைவரிதான் ஒதுக்கினார், கஞ்சன்.)

எழுத்தாளர்கள் ஹக்கிடம் எடுத்துக்கொண்டது வேறு. நவீன அமெரிக்க இலக்கியம் முழுக்க இந்த ஒரே புத்தகத்திலிருந்து வருகிறது என்று ஹெமிங்வே 1935-ல் எழுதினார். கொஞ்சம் மிகைதான், ஆனாலும் பள்ளிக்கூட வாசனை இல்லாமல் ‘நான்’ என்று கதை சொல்லும் பையன் குரல் அங்கேதான் வலுப்பட்டது. 1951-ல் வந்த சாலிஞ்சரின் ‘தி கேட்சர் இன் தி ரை’ நாவலில் கதை சொல்லும் பையன் ஹோல்டன் வாயைத் திறந்ததுமே அவன் யார் பேரன் என்று தெரிந்துவிடுகிறது. ஆனால் ஹோல்டனுக்கு உலகம் போலி, தான் மட்டும் சரி. ஹக் நேர் எதிர். அந்தப் பணிவு அப்புறம் வந்த பையன்களிடம் அதிகம் இல்லை.

ஹெமிங்வே இன்னொன்றும் சொன்னார்: ஜிம் பறிபோகிற இடத்தோடு நிறுத்திவிடுங்கள், மீதி ஏமாற்று வேலை என்று. அதில் எனக்கு உடன்பாடு இல்லை. கடைசிப் பகுதியில் டாம் சாயர் வந்து, கதைப் புத்தகத்தில் படித்தபடி விடுவிக்க வேண்டும் என்று ஜிம்மைப் பாம்போடும் எலியோடும் பூட்டி வைத்து விளையாடுகிறான். எஜமானி உயிலிலேயே ஜிம்மை விடுதலை செய்துவிட்டாள் என்பது அவனுக்கு முன்பே தெரியும். படிக்க எரிச்சலாகத்தான் இருக்கும். ஆனால் ட்வைன் 1876-ல் தொடங்கி, நடுவில் போட்டுவிட்டு, 1883-ல் முடித்த நாவல் இது. உள்நாட்டுப் போருக்குப் பிறகு தெற்கில் கறுப்பின மக்களின் உரிமைக்குக் காவல் நின்ற மத்தியப் படைகள் 1877-ல் விலகிக்கொண்டன. சட்டப்படி சுதந்திரமானவனைக் கட்டிப்போட்டு விளையாடுவது அன்றைய நாட்டு நடப்பு. ட்வைன் நினைத்தே செய்தாரா என்று சத்தியம் பண்ணமாட்டேன், ஆனால் புத்தகத்தில் அது இருக்கிறது.

என் மனத்தாங்கல் ஜிம்மைப் பற்றியது. இருபத்து மூன்றாவது அத்தியாயத்தில், கதவைச் சாத்தச் சொல்லியும் சாத்தவில்லை என்று நாலு வயது மகளை அறைந்ததையும், காய்ச்சலில் அவளுக்குக் காது போயிருந்தது பிறகுதான் தெரிந்ததையும் சொல்லி அழுகிறான். அப்பேர்ப்பட்ட மனுஷனைக் கடைசியில் கோமாளியாக உட்கார வைத்தால் வலிக்காதா? கேலிக்கூத்து முகமூடிக்குப் பின்னாலிருந்துதான் ஜிம்மின் கண்ணியம் தெரிகிறது என்று கறுப்பின எழுத்தாளர் ரால்ஃப் எலிசன் எழுதினார். முகமூடியைக் கழற்ற 2024 வரை ஆயிற்று. பெர்சிவல் எவரெட் ‘ஜேம்ஸ்’ நாவலில் அதே கதையை ஜிம் வாயால் சொல்கிறார். அதில் அவனுக்கு எழுதப் படிக்கத் தெரியும், வெள்ளைக்காரர் முன்னால் மட்டும் அடிமைப் பேச்சு. அடுத்த வருஷம் அதற்குப் புலிட்சர் பரிசு கிடைத்தது.

பேத்தியிடம் சொல். 2011-ல் அந்த வசைச்சொல்லை நீக்கி ‘அடிமை’ என்று மாற்றி ஒரு பதிப்பு வந்தது, அது வேண்டாம். புத்தகத்தில் இருக்கிறபடியே இருக்கட்டும். ஆனால் வகுப்பில் உரக்க வாசிக்கும்போது அந்தச் சொல்லை விட்டுவிட்டுப் போனால் ஒன்றும் குறையாது. முப்பது பேர் நடுவே உட்கார்ந்து அதைத் திரும்பத் திரும்பக் கேட்கிற ஒற்றைக் கறுப்பினப் பிள்ளைக்கு இலக்கிய வரலாற்றுப் பாடம் நடத்தும் தகுதி எனக்கும் இல்லை, உனக்கும் இல்லை. இரண்டு நாவலையும் அடுத்தடுத்துப் படிக்கச் சொல். அவள் ஆசிரியர் ஒப்புக்கொண்டால் வகுப்பிலும் அப்படியே வைக்கலாம்.

ஜேம்ஸ் என்னிடம் இருக்கிறது, பாதி தாண்டிவிட்டேன். டிசம்பரில் நீ இங்கே வந்தால் கையோடு தருகிறேன், இல்லாவிட்டால் கூரியரில் அனுப்புகிறேன். ஓரத்தில் பென்சிலால் கிறுக்கியிருப்பேன், திட்டாதே. எலும்பு டாக்டர் என்ன சொன்னார் என்பதை ஒளிக்காமல் எழுது.

உன்,
மச்சான்