மகனுக்கு: ஒட்டாவாவுக்கும் பிரெட்டன் வுட்ஸுக்கும் நடுவே

அவிநாசி,
14.9.2025

அன்புள்ள கண்ணு,

அமெரிக்கா ஆகஸ்ட் 27 முதல் நம் நாட்டுச் சரக்குக்கு 50 சதவீதத் தீர்வை விதித்ததைப் பற்றி நீ எழுதியதை அப்பாவும் நானும் படித்தோம். இரண்டாம் உலகப் போருக்குப் பின் கட்டிய உலக ஒழுங்கு முடிந்துவிட்டதாக உன் அலுவலகத்தில் எல்லோரும் பேசுகிறார்கள் என்றும், இத்தனை காலம் பள்ளிக்கூடத்தில் வரலாறு நடத்திய நான் என்ன நினைக்கிறேன் என்றும் கேட்டிருந்தாய். தொலைபேசியில் சொல்லி முடிகிற விஷயமல்ல என்பதால் எழுதுகிறேன்.

முடிந்துவிட்டது என்பதை நான் ஒப்பவில்லை. நாடுகளுக்கிடையே வல்லமைதான் முதலில் இடம் மாறுகிறது. விதிகளும் சபைகளும் நாற்காலிகளும் வெகுகாலம் கழித்தே அதன் பின்னால் வந்து சேர்கின்றன. நடுவில் விழும் இடைவெளியில்தான் நாம் இப்போது நிற்கிறோம். இப்படிப்பட்ட இடைவெளி ஒன்றின் இரு முனைகளிலும் உட்கார்ந்திருந்தவர் ஒரு கோயம்புத்தூர்க்காரர். அவரைப் பற்றிச் சொல்லத்தான் இந்தக் கடிதம் இவ்வளவு நீள்கிறது.

முதலில் நீ இருக்கும் வியன்னாவுக்கு வருகிறேன். நெப்போலியனோடு நடந்த போர்களுக்குப் பிறகு 1814–15இல் அங்கே கூடிய பிரிட்டன், ரஷ்யா, ஆஸ்திரியா, பிரஷ்யா ஆகிய நான்கும் வென்ற நாடுகள். ஆனாலும் பேச்சுவார்த்தை நடந்துகொண்டிருக்கும்போதே தோற்ற பிரான்சையும் ஐந்தாவதாகச் சேர்த்துக்கொண்டார்கள். ஆஸ்திரிய அமைச்சர் மெட்டர்னிக்கைப் பற்றிப் பாடப்புத்தகம் பக்கம் பக்கமாகச் சொன்னாலும், என்னை எப்போதும் வியக்க வைத்தது தோற்றவனுக்கும் நாற்காலி போட்ட அந்த முடிவுதான். 1919இல் வெர்சாயில் ஜெர்மனிக்கு அப்படி யாரும் நாற்காலி போடவில்லை. வியன்னாவில் எழுதியது 1815ஆம் ஆண்டின் வல்லமைக் கணக்கு. அந்தக் கணக்கு பெரிதாக மாறாதவரை ஏற்பாடும் தாங்கியது. அந்த நாடுகளே மோதிக்கொண்ட கிரைமியப் போரில் விரிசல் கண்டது. 1871இல் ஜெர்மனி ஒரே பேரரசாக இணைந்தபோது நடு ஐரோப்பாவின் கணக்கே வேறாகிவிட்டது. கூட்டுக் கிணற்றின் தண்ணீர் முறையைத் தாத்தா காலத்துப் பாகப் பத்திரத்தில் எழுதியபடியே வைத்துக்கொண்டு, ஒருவர் தோட்டம் மூன்று மடங்கான பின்னும் அதே முறையில் இறைக்கச் சொன்னால் என்ன ஆகுமோ அதுதான் அங்கேயும் ஆயிற்று. ஜெர்மனியை இணைத்த தலைமை அமைச்சர் பிஸ்மார்க் இருந்தவரை கூட்டணிகளை முடைந்து சமாளித்தார். பின்னால் வந்தவர்களுக்கு அந்தப் பொறுமை இல்லை. 1914ஆம் ஆண்டுப் போருக்கு இது ஒன்றே காரணம் என்று நான் சொல்ல மாட்டேன். ஆனால் இதை விட்டுவிட்டு அந்தப் போரை விளக்கவும் முடியாது.

ஐரோப்பாவின் கணக்கு ஐரோப்பாவுக்குள் மட்டும் நின்றதில்லை. கொங்கு நாடு கிழக்கிந்தியக் கும்பினி ஆட்சிக்குள் போனதே பிரிட்டனும் பிரான்சும் உலகம் முழுவதும் மோதிக்கொண்டதன் ஒரு கிளைதான். திப்பு சுல்தான் பிரெஞ்சுக்காரரின் துணையை நாடியதும், 1798இல் நெப்போலியன் எகிப்தில் இறங்கியதும், அந்த அச்சத்தைக் காரணம் காட்டிக் கும்பினியின் கவர்னர் ஜெனரல் வெல்லெஸ்லி மைசூர் மீது படை எடுத்ததும் ஒன்றன்பின் ஒன்றாக நடந்தவை. 1799 மே 4ஆம் நாள் சீரங்கப்பட்டினம் விழுந்தது. சேலம் பகுதி 1792 உடன்படிக்கையிலேயே கைமாறியிருக்க, கோயம்புத்தூரும் இப்போது கும்பினியிடம் போயிற்று. அதன் பிறகும் எதிர்த்து நின்ற தீரன் சின்னமலை 1805இல் சங்ககிரிக் கோட்டையில் தூக்கிலிடப்பட்டார். ஆகவே பத்தாண்டு கழித்து வியன்னாவில் பிரிட்டனின் வல்லமையை எடை போட்டபோது, நம் நிலவரியும் நம் ஆட்களும் அந்தத் தட்டில் ஏற்கெனவே இருந்தார்கள். எடையில் சேர்ந்தோம், சபையில் சேரவில்லை.

அந்தக் கோயம்புத்தூர்க்காரர் ஆர்.கே. சண்முகம் செட்டியார். சுதந்திர இந்தியாவின் முதல் நிதியமைச்சர் என்று மட்டுமே உனக்கு அவரைத் தெரிந்திருக்கும். 1932இல் கனடாவின் ஒட்டாவாவில் நடந்த பேரரசுப் பொருளாதார மாநாட்டுக்குப் போன இந்தியக் குழுவில் அவரும் ஒருவர். அந்த மாநாடு எதற்காகக் கூடியது என்பதைக் கவனி. முக்கால் நூற்றாண்டுக்கும் மேலாகத் தடையற்ற வணிகத்தை உலகத்துக்கே போதித்து வந்த பிரிட்டன், முதல் உலகப் போரின் கடனாலும் பெருமந்தத்தாலும் தளர்ந்து, 1931 செப்டம்பரில் தன் நாணயமான பவுண்டைத் தங்கத்தோடு இருந்த பிணைப்பிலிருந்து பிரித்துவிட்டு, மறு ஆண்டு தொடக்கத்திலேயே பொதுவான இறக்குமதித் தீர்வைச் சட்டமும் கொண்டுவந்திருந்தது. பேரரசுக்குள் இருப்பவர்களுக்குச் சலுகை, வெளியே இருப்பவர்களுக்குத் தீர்வை என்பதே ஒட்டாவாவில் முடிவானது. அதாவது, ஒழுங்கைக் கட்டியவரே அதைத் தாங்கும் சக்தி போனதும் முதலில் வெளியேறினார். மேலேறி வரும் நாடுதான் விதியை உடைக்கும் என்று நாம் பழக்கத்தில் நினைக்கிறோம். தீர்வைச் செய்தியைப் படித்ததும் எனக்கு 1914ஐ விட 1932தான் முதலில் நினைவுக்கு வந்ததற்குக் காரணம் இதுதான்.

பன்னிரண்டு ஆண்டு கழித்து, 1944 ஜூலையில், அமெரிக்காவின் பிரெட்டன் வுட்ஸில் 44 நாடுகள் கூடிப் பன்னாட்டு நிதியத்தையும் உலக வங்கியையும் வடிவமைத்தபோது, இந்தியக் குழுவில் மீண்டும் சண்முகம் செட்டியார் இருந்தார். இம்முறை விதி எழுதும் பேனா அமெரிக்காவின் கையில் இருந்தது. போர்ச் செலவுக்காகப் பிரிட்டன் இந்தியாவிடம் வாங்கியவற்றின் கணக்கு ஸ்டெர்லிங் இருப்பாக, அதாவது பவுண்டில் நமக்கு வர வேண்டிய பணமாக, லண்டனில் குவிந்து, காலங்காலமாகக் கடன்காரராக இருந்த நாம் பிரிட்டனுக்கே கடன் கொடுத்தவராகிவிட்டிருந்தோம். அந்தப் பணத்தில் ஒரு பகுதியையாவது டாலராக மாற்ற நிதியம் வழி செய்ய வேண்டும் என்று நம் குழு கேட்டது. பிரிட்டன் மறுத்தது, அமெரிக்காவும் துணைக்கு வரவில்லை. பணம் நம்முடையது, ஆனால் நாடு நம் கையில் இல்லை. கடன் கொடுத்தவர் என்ற தகுதி மட்டும் அந்த அறையில் செல்லுபடியாகவில்லை. நிதியத்தில் ஒவ்வொரு நாட்டின் செல்வாக்கையும் முடிவு செய்யும் பங்குத் தொகையில் சீனாவுக்கு 55 கோடி டாலர், பிரான்சுக்கு 45 கோடி, நமக்கு 40 கோடி என்று ஆறாம் இடத்தில் வைத்தார்கள். சோவியத் ஒன்றியம் கடைசியில் சேராமல் போனதால் ஐந்தாம் இடம் தானாக வந்தது.

மறு ஆண்டு சான்பிரான்சிஸ்கோவில் ஐக்கிய நாடுகள் சாசனத்தில் இந்தியா சார்பில் கையெழுத்திட்ட இருவரில் ஒருவரான வி.டி. கிருஷ்ணமாச்சாரியும் நம் பக்கத்தவர்தான், கரூரை அடுத்த வாங்கல் ஊர்க்காரர். வெள்ளையர் அரசு அனுப்பிய குழுவில் போனவர்கள் என்பதற்காக இவர்களை ஒதுக்கிவிட எனக்கு மனம் வருவதில்லை. அங்கே நடந்ததைத் தம் கண்ணால் பார்த்தார்களே.

அந்தச் சாசனம்தான் அமெரிக்கா, சோவியத் ஒன்றியம், பிரிட்டன், பிரான்ஸ், சீனா ஆகிய ஐந்து நாடுகளுக்குப் பாதுகாப்பு அவையில் நிரந்தர இடம் கொடுத்தது. ஆனால் அது சுத்தமான வல்லமைக் கணக்கும் அல்ல. பிரான்ஸ் அப்போதுதான் ஜெர்மன் பிடியிலிருந்து மீண்டிருந்தது. சீனா போரில் நொறுங்கிக் கிடந்தது. எழுதுபவருக்கு வேண்டியவர் யார் என்பதும் விதிக்குள் கலந்துவிடுகிறது. சாசனத்தைத் திருத்த வேண்டுமானால் மூன்றில் இரண்டு பங்கு உறுப்பு நாடுகளோடு அந்த ஐந்து நாடுகளும் ஒப்ப வேண்டும் என்பதால், 51 நாடுகளோடு தொடங்கிய சபை 193 ஆன பின்னும் அந்த ஐந்து நாற்காலிகள் அசையவில்லை. அதற்காக நாற்காலி இருந்தால் வல்லமை இருப்பதாகவும் ஆகாது. 1956இல் பிரிட்டனும் பிரான்சும் எகிப்தின் சூயசில் படை இறக்கியபோது, அவையின் தீர்மானத்தைத் தடுக்கும் வீட்டோ உரிமை இரண்டுக்குமே இருந்தது. பவுண்டு சரியத் தொடங்கியதும், அதைத் தாங்கிப் பிடிக்க அமெரிக்கா மறுத்ததும், படையைத் திருப்ப வேண்டியதாயிற்று. வல்லமை எப்போதோ போய்விட்டிருந்தது. போனது அன்றுதான் எல்லோருக்கும் தெரிந்தது.

இனி சீனா. இதை உன் மாமனின் பனியன் கம்பெனியை வைத்தே சொல்லலாம். நீ சிறு பிள்ளையாக இருந்தபோது வீட்டில் ஓயாமல் கேட்ட "கோட்டா" என்ற பேச்சு உனக்கு நினைவிருக்கும். 1974 முதல் 2004 இறுதி வரை, எந்த நாடு எத்தனை பீஸ் துணி அனுப்பலாம் என்பதை அமெரிக்காவும் ஐரோப்பாவும் அளவு கட்டித்தான் வாங்கின. 1947இல் இந்தியா உட்பட 23 நாடுகள் கையெழுத்திட்ட வணிக உடன்பாட்டின் அடிப்படை விதி, ஓர் உறுப்பு நாட்டுக்குத் தரும் சலுகையை எல்லா உறுப்பினருக்கும் தர வேண்டும் என்பது. துணி மட்டும் அந்த விதிக்கு வெளியே முப்பதாண்டு நிறுத்தி வைக்கப்பட்டிருந்தது. ஆகவே விதிப்படி நடந்த பொற்காலம் ஒன்று போய்விட்டது என்று உன் நண்பர்கள் வருந்தும்போது, திருப்பூருக்கு அந்தக் காலம் அப்படி இருந்ததில்லை என்பதை நீ பணிவாகச் சொல்லலாம். 2001 டிசம்பரில் சீனா உலக வர்த்தக அமைப்பில் சேர்ந்தது. 2005 தொடக்கத்தில் கோட்டா ஒழிந்தது. அதே ஆண்டிலேயே அமெரிக்காவும் ஐரோப்பாவும் சீனத் துணிக்கு மட்டும் புதிய வரம்பு கட்டிவிட்டன. 2010இல் சீனா உலகின் இரண்டாம் பெரிய பொருளாதாரமாயிற்று. சீனா போன்ற நாடுகளுக்குக் கூடுதல் பங்கு தர அந்த ஆண்டில் ஒப்புக்கொண்ட பன்னாட்டு நிதியச் சீர்திருத்தத்தை அமெரிக்க நாடாளுமன்றம் 2015 டிசம்பர் வரை நிறைவேற்றாமல் வைத்திருந்தது. பழைய வீட்டில் இடம் தராததால் சீனா ஆசிய உள்கட்டமைப்பு முதலீட்டு வங்கியைத் தானே தொடங்கியது. அமெரிக்கா விரும்பாதபோதும் பிரிட்டன் அதில் முதல் வரிசையிலேயே போய்ச் சேர்ந்தது. சூயசில் எழுந்த சத்தம் இங்கே எழாவிட்டாலும், அதை நான் அதே அளவு பெரிய செய்தியாகவே எடுத்துக்கொண்டேன்.

அமெரிக்காவின் இன்றைய போக்கும் இதன் தொடர்ச்சிதான். உலக வர்த்தக அமைப்பின் மேல்முறையீட்டு அமர்வுக்கு உறுப்பினர்களை நியமிக்க விடாமல் அது தடுத்ததால், 2019 டிசம்பரிலிருந்து அந்த அமர்வு வழக்குக் கேட்க முடியாமல் கிடக்கிறது. அமெரிக்க அதிபர் ஒருவர் மாறினால் எல்லாம் பழையபடி ஆகிவிடும் என்று அப்பா சொல்கிறார். முந்தைய ஆட்சியும் அந்த நியமனத்துக்கு வழி விடவில்லை என்பதை நான் நினைவூட்டினேன். இன்னும் வாதம் நடக்கிறது.

இந்த இடைவெளி நம் போன்ற ஊர்களுக்கு இழப்பு மட்டும்தானா என்றால், அப்படியும் இல்லை. இங்கிலாந்தின் துணி ஆலை வட்டாரமான லங்காஷயர் தளர்ந்த அதே 1930களில்தான், பைக்காரா மின்சாரம் வந்து, கோயம்புத்தூரில் ஆலைகள் வரிசையாக எழுந்தன. ஒட்டாவாவுக்கும் பிரெட்டன் வுட்ஸுக்கும் நடுவே விழுந்த இடைவெளி உலகத்துக்கு ஒரு போரைக் கொடுத்தது; கோயம்புத்தூருக்கு ஆலைச் சங்கையும் கொடுத்தது. இரண்டையும் சேர்த்தே கணக்கில் எழுத வேண்டும். அடுத்த முறை விதி எழுதும் அறைக்குள் நாம் சுதந்திர நாடாகப் போவோம், உலகிலேயே அதிக மக்கள் உள்ள நாடாகப் போவோம். அன்று நிதியத்தின் பங்குத் தொகையும் பாதுகாப்பு அவையின் நாற்காலியும்தான் பெரிதாகப் பேசப்படும். எனக்கோ, யாருக்கு எது விற்கிறோம், ஒரே வாங்குபவரை எவ்வளவு நம்பியிருக்கிறோம் என்பதுதான் அந்த அறையில் முதலில் எடை போடப்படும் என்று தோன்றுகிறது.

மாமன் தன் ஆர்டர்களை அமெரிக்காவிலிருந்து கொஞ்சம் கொஞ்சமாகத் திருப்பப் பார்க்கிறார். ஜூலை 24இல் கையெழுத்தான பிரிட்டன் ஒப்பந்தம் நடைமுறைக்கு வந்தால் நம் ஆடைகளுக்கு அங்கே தீர்வை இருக்காது. உன் பக்கத்து ஐரோப்பாவிலோ வங்கதேசச் சரக்கு தீர்வை இல்லாமல் நுழைகிறது, நம் சரக்கு தீர்வை கட்டி நுழைகிறது. அங்கே நடுத்தர விலைக் கடைகளில் தொங்கும் பனியன்களின் கழுத்து லேபிளில் எந்த நாட்டின் பெயர் அதிகம் இருக்கிறது, என்ன விலைக்குப் போகிறது என்று பார்த்து அவருக்கு எழுது. தீபாவளிக்கு முன் ஒரு பையருக்கு விலை சொல்ல வேண்டியிருப்பதால், இந்த மாதத்துக்குள்ளேயே அனுப்பு.

அன்புடன்,
அம்மா